மைக்ரோடோசிங், முழு டோஸ், மாத்திரை, பேச்சு சிகிச்சை: மனச்சோர்வுக்கு எதைத் தேர்ந்தெடுப்பது?

மனச்சோர்வோ மனப்பதற்றமோ மாதக்கணக்கில் இழுத்துக்கொண்டிருக்கும் ஒருவருக்கு இன்றைக்கு நாலு வழிகள் கண்ணில் படுகின்றன. முதலாவது, மருத்துவர் எழுதித் தரும் மாத்திரை, பேச்சு சிகிச்சை, உடற்பயிற்சி என்ற பழகிய பாதை. அடுத்தது மைக்ரோடோசிங்: மனநிலையையும் புலனுணர்வையும் மாற்றும் 'சைக்கடெலிக்' பொருட்களான எல்எஸ்டியையோ சைலோசைபின் காளானையோ மிகச் சிறிய அளவில், வாரத்துக்கு இரண்டு மூன்று முறை, தானாகவே எடுத்துக்கொள்வது. இன்னொன்று, அதே பொருளை முழு அளவில், பயிற்சி பெற்றவர்கள் பக்கத்தில் இருக்க, ஓரிரு தடவை மட்டும் எடுப்பது. கடைசியாக, இவற்றைச் சோதிக்கும் மருத்துவ ஆய்வு ஒன்றில் பங்கேற்பாளராகச் சேர்வது.

என் முடிவை முதலிலேயே சொல்லிவிடுகிறேன். நோய் என்று சொல்லும் அளவுக்கு மனச்சோர்வு இருப்பவருக்கு, இந்த நாலில் சான்று மிகக் குறைவாக இருப்பது மைக்ரோடோசிங்குக்குத்தான். அதைப் பற்றிப் பரவியிருக்கும் நம்பிக்கையில் பெரும்பகுதி முழு டோஸ் ஆய்வுகளிடமிருந்து கடன் வாங்கியது. அந்த ஆய்வுகளையே கொஞ்சம் நெருங்கிப் படித்தால், அந்தக் கடனைக் கொடுக்க அவை தயாராக இல்லை என்று தெரிகிறது.

இதைச் சொல்வதால் சைக்கடெலிக் ஆய்வே வீண் என்ற பக்கம் நான் இல்லை. பத்து இருபது வருடமாக எதுவும் உதவாமல் தவிக்கிற நோயாளிகளுக்கு இந்தத் துறையிலிருந்து உண்மையான ஒரு மருந்து வர வேண்டும் என்று மனதார விரும்புகிறேன். அதனால்தான் எந்த அளவு, எந்தச் சூழல், யாருக்கு என்பதில் குழப்பம் வரக்கூடாது என்று நினைக்கிறேன்.

சின்ன டோஸ் என்றால் எவ்வளவு?

எல்எஸ்டியின் முழு அளவு சுமார் 100 முதல் 200 மைக்ரோகிராம். மைக்ரோடோஸ் என்பது அதில் பத்தில் ஒரு பங்கு, இருபதில் ஒரு பங்கு. அதாவது 5 முதல் 20 மைக்ரோகிராம் வரை. காளான் என்றால் உலர்ந்த நிலையில் 0.1 முதல் 0.3 கிராம். கண்ணில் காட்சிகள் தெரியக்கூடாது, வழக்கமான வேலை கெடக்கூடாது, ஆனால் மனநிலையும் கவனமும் கொஞ்சம் தூக்கலாக இருக்க வேண்டும் என்பதுதான் எதிர்பார்ப்பு.

எல்எஸ்டியை ஆல்பர்ட் ஹாஃப்மன் பாசல் நகரில் 1938இல் தயாரித்தார். அது மனதை என்ன செய்யும் என்று 1943இல்தான் அவருக்கே தெரிந்தது. சின்ன அளவில் எடுக்கும் வழக்கம் பரவலானது வெகு காலம் கழித்து. அமெரிக்க உளவியலாளர் ஜேம்ஸ் ஃபேடிமன் 2011இல் இதைப் பற்றி எழுதினார். ஒரு நாள் எடுத்து இரண்டு நாள் விடுகிற அவருடைய முறையைத்தான் இன்றைக்கும் பலர் பின்பற்றுகிறார்கள். நடுவில் விடுவதற்குக் காரணம் உண்டு. தினமும் எடுத்தால் உடம்பு சீக்கிரம் பழகிவிடும், அதே அளவு வேலை செய்யாது.

கணக்கெடுப்புகள் சொன்ன நல்ல செய்தி

முதலில் வந்த ஆய்வுகள் எல்லாம் ஏற்கெனவே மைக்ரோடோசிங் செய்துகொண்டிருந்தவர்களைக் கேட்டுப் பதிவு செய்தவை. ஆஸ்திரேலியாவின் மக்வாரி பல்கலைக்கழகத்தைச் சேர்ந்த ஆய்வாளர்கள் 98 பேரை ஆறு வாரம் தொடர்ந்து கவனித்து 2019இல் முடிவை வெளியிட்டார்கள். மனச்சோர்வும் மன அழுத்தமும் குறைந்திருந்தன, கவனம் சிதறுவதும் குறைந்திருந்தது. ஆனால் எளிதில் கலங்கும் குணம் கொஞ்சம் கூடியிருந்தது. இந்தக் கடைசி வரியைப் பலர் மேற்கோள் காட்டுவதில்லை. 2022இல் வெளியான இன்னொரு பெரிய ஆய்வில் மைக்ரோடோசிங் செய்யும் 953 பேரையும் செய்யாத 180 பேரையும் ஏறக்குறைய ஒரு மாதம் ஒப்பிட்டார்கள். செய்தவர்களின் மனநிலையில் சிறிய முதல் நடுத்தர அளவு வரை முன்னேற்றம் தெரிந்தது.

இவை பொய்யான ஆய்வுகள் இல்லை. சொன்னவர்களும் பொய் சொல்லவில்லை. அவர்கள் உண்மையிலேயே நன்றாக உணர்ந்திருக்கிறார்கள். பிரச்சினை எங்கே என்றால், இந்த வகை ஆய்வில் சேருபவர் யார் என்பதில். இது உதவும் என்று முன்பே நம்பியவர், சட்டச் சிக்கலையும் தாண்டிப் பொருளைத் தேடி வாங்கியவர், நாட்குறிப்பு எழுதும் பொறுமை உள்ளவர். ஒத்துக்கொள்ளாமல் போனவர் இரண்டாவது வாரத்திலேயே படிவத்தை நிரப்புவதை விட்டிருப்பார். அப்புறம், மனச்சோர்வு என்பதே ஏறி இறங்கும் நோய். மிக மோசமான கட்டத்தில்தான் மனிதர்கள் புதிதாக எதையாவது தொடங்குகிறார்கள். அதற்குப் பிறகு தானாகவே கொஞ்சம் தணிவதும் கணக்கில் சேர்ந்துவிடும்.

எது எடுக்கிறோம் என்று தெரியாதபடி மறைத்துச் சோதித்தால் என்ன ஆகும் என்பதுதான் அடுத்த கேள்வி. விடை அங்கேதான் மாறுகிறது.

உறைக்குள் என்ன இருக்கிறது என்று தெரியாதபோது

2021இல் லண்டன் இம்பீரியல் கல்லூரி ஆய்வாளர்கள் வெளியிட்ட ஆய்வை இந்தத் துறையில் நான் மிகவும் மதிக்கிறேன். சட்டத் தடையுள்ள பொருளை நூற்றுக்கணக்கானோருக்கு ஆய்வகத்தில் கொடுப்பது செலவும் சிரமமும் பிடித்த வேலை. எனவே அவர்கள் வேறு வழி யோசித்தார்கள். தங்கள் சொந்தப் பொருளை வைத்து மைக்ரோடோசிங் செய்யப் போகிறவர்களையே அழைத்து, தங்களுக்குத் தாங்களே மறைத்துக்கொள்ளக் கற்றுக்கொடுத்தார்கள். உள்ளே இருப்பது தெரியாத காப்ஸ்யூல்களில் சிலவற்றில் பொருளைப் போட வேண்டும், சிலவற்றை வெறுமையாக விட வேண்டும். எல்லாவற்றையும் உறைகளில் இட்டு, உறைகளில் க்யூஆர் குறி ஒட்டி, கலக்கி, சிலவற்றை எடுத்துக்கொண்டு மீதியை ஒதுக்க வேண்டும். எந்த வாரம் எது கையில் வந்தது என்று கணினிக்குத் தெரியும், எடுப்பவருக்குத் தெரியாது. நாலு வாரம் எடுத்து, 191 பேர் முடித்தார்கள்.

மைக்ரோடோஸ் எடுத்தவர்கள் நாலு வாரத்தில் தெளிவாக முன்னேறினார்கள். நலவுணர்வு, வாழ்க்கைத் திருப்தி என்று ஒவ்வொன்றிலும் ஏற்றம். ஆனால் மருந்துப்போலி, அதாவது பொருள் இல்லாத வெறும் காப்ஸ்யூல், மட்டும் எடுத்தவர்களும் அதே அளவு முன்னேறினார்கள். இரண்டு குழுவுக்கும் நடுவில் சொல்லும்படியான வித்தியாசம் இல்லை. எடுத்த நாளில் தெரிந்த சின்னச் சின்ன வித்தியாசமும், 'இன்றைக்கு நான் எடுத்தது உண்மையான டோஸ்தான்' என்று சரியாக ஊகித்ததைக் கணக்கில் சேர்த்தபோது மறைந்துவிட்டது. முழு நாலு வாரமும் வெறும் காப்ஸ்யூல் விழுங்கியவர்கள் சிலர் உண்மை தெரிந்தபோது வியந்துபோனார்கள்.

இந்த முடிவை 'எல்லாம் மனப்பிரமை' என்று சுருக்கிவிடுவது அநியாயம். அந்த 191 பேருக்கும் ஏற்பட்ட முன்னேற்றம் உண்மையானது. அது காப்ஸ்யூலுக்குள் இருந்ததிலிருந்து வந்ததாகத் தெரியவில்லை, அவ்வளவுதான். நாளைக் குறித்து வைத்து, மனநிலையைக் கவனித்து எழுதி, 'நான் என்னைச் சரிசெய்துகொள்கிறேன்' என்ற தீர்மானத்தோடு ஒரு மாதம் வாழ்ந்தது உதவியிருக்கிறது என்றே எனக்குத் தோன்றுகிறது.

ஒரே ஒரு ஆய்வை வைத்து இப்படிச் சொல்லலாமா என்று கேட்கலாம். நியாயமான கேள்வி. ஆய்வகங்களில் நடந்தவற்றையும் பார்ப்போம். சிகாகோ பல்கலைக்கழகத்தில் ஹேரியட் டி விட் குழுவினர் நலமாக இருந்த 56 பேருக்கு மருந்துப்போலியோ, 13 அல்லது 26 மைக்ரோகிராம் எல்எஸ்டியோ மூன்று நாலு நாள் இடைவெளியில் நாலு முறை கொடுத்தார்கள். மனநிலையிலோ சிந்தனைத் திறனிலோ நிலைத்த மாற்றம் இல்லை. புவெனஸ் ஐரிஸில் 34 பேருக்கு அரை கிராம் உலர்ந்த காளான் கொடுத்துப் பார்த்தார்கள். மூளை அலைகளில் மாற்றம் தெரிந்தது. நலவுணர்வும் படைப்புத் திறனும் கூடவில்லை. எடுத்த உடனே விளைவு அதிகம் உணர்ந்தவர்கள் யார் என்று பார்த்தால், எது உண்மையான டோஸ் என்று சரியாகக் கண்டுபிடித்தவர்கள்.

நியூசிலாந்தின் ஆக்லாந்தில் நடந்தது இவற்றைவிட இயல்பான சூழல். நலமான 80 ஆண்கள் ஆறு வாரம், மூன்று நாளுக்கு ஒருமுறை, 10 மைக்ரோகிராம் எல்எஸ்டியையோ மருந்துப்போலியையோ பெரும்பாலும் வீட்டிலேயே எடுத்தார்கள். எடுத்த நாளில் உற்சாகம், சக்தி, மற்றவர்களோடு நெருக்கம், மகிழ்ச்சி ஆகியவை கூடியதாகச் சொன்னார்கள். எடுக்காத நாட்களில் அது நீடிக்கவில்லை. ஆறு வாரம் முடிந்து பார்த்தபோது நீடித்த பலன் எதுவும் இல்லை. எல்எஸ்டி குழுவில் நாலு பேர் பதற்றம் காரணமாக விலகினார்கள். பதற்றத்தைக் குறைக்கத்தான் இதைத் தேடி வருகிறார்கள் பலர் என்பதால், இந்த நாலு பேரை நான் சாதாரணமாகக் கடந்துபோக மாட்டேன். இதே ஆய்வில் ஒரு சுவையான விஷயமும் கிடைத்தது. எடுத்ததற்கு மறுநாள் இரவு தூக்கம் சராசரியாக 24 நிமிடம் கூடியது. தூக்கத்தைக் கருவி வைத்து அளந்தார்கள் என்பதால் இதை நம்பிக்கை வேலை என்று சொல்ல முடியாது. ஆக, சின்ன டோஸ் உடம்பை ஏதோ செய்யத்தான் செய்கிறது. அந்த ஏதோ ஒன்று மனநலமாக மாறுகிறதா என்பதில்தான் சான்று நின்றுவிடுகிறது.

இந்த ஆய்வகச் சோதனைகளில் கலந்துகொண்டவர்கள் நலமானவர்கள், நோயாளிகளில் பலன் தெரியலாமே என்ற வாதம் இருக்கிறது. அதுவும் சரிதான், ஏற்கெனவே நன்றாக இருப்பவர் எவ்வளவு மேலே ஏற முடியும்? நோயாளிகளில் நடந்த கவனமான சோதனை ஒன்று கவனக்குறைவு மிகைச்செயல் கோளாறு பற்றியது. பாசலிலும் மாஸ்ட்ரிக்டிலும் 53 பெரியவர்கள் ஆறு வாரம், வாரம் இருமுறை, 20 மைக்ரோகிராம் எல்எஸ்டியையோ மருந்துப்போலியையோ எடுத்தார்கள். 2025இல் வந்த முடிவு: இரண்டு குழுவும் முன்னேறின, எல்எஸ்டி மருந்துப்போலியை மிஞ்சவில்லை. மனச்சோர்வு வேறு நோய், அதற்கு இந்த முடிவு அப்படியே பொருந்தும் என்று சொல்ல மாட்டேன். ஆனால் நோயாளிகளில் கதை தலைகீழாக மாறிவிடும் என்ற நம்பிக்கைக்கு இது பலம் சேர்க்கவில்லை.

முழு டோஸ்: பலமும் அதன் விலையும்

அந்தக் காளானில் உள்ள வேதிப்பொருளான சைலோசைபினை முழு அளவில் எடுப்பது பற்றிய சான்று வேறு தரத்தில் இருக்கிறது. 2022இல் வெளியான சோதனையில், பல மருந்துகளுக்கும் அடங்காத மனச்சோர்வு உள்ள 233 பேர் பத்து நாடுகளில் பங்கேற்றார்கள். ஒரே ஒரு முறை, 25 மில்லிகிராம், 10 மில்லிகிராம், 1 மில்லிகிராம் என்று மூன்று குழு. மூன்று வாரம் கழித்து மனச்சோர்வு அளவுகோலில் 25 குழு சராசரியாக 12 புள்ளி இறங்கியது. 10 குழு 7.9, 1 குழு 5.4. புள்ளியியல்படி 1 மில்லிகிராமை மிஞ்சியது 25 மட்டும்தான், 10 மிஞ்சவில்லை.

மைக்ரோடோசிங் பற்றி யோசிப்பவர் நிறுத்திப் படிக்க வேண்டிய இடம் இது. அந்த 1 மில்லிகிராமை ஆய்வாளர்கள் வைத்தது ஒப்பிடுவதற்கான பலனற்ற டோஸாக. மைக்ரோடோஸ் எடுப்பவர்களின் காளானுக்குள் இருக்கும் சைலோசைபினின் அளவு ஏறத்தாழ அதற்குப் பக்கத்தில்தான் வரும். மனப்பதற்ற நோய்க்கு எல்எஸ்டியைச் சோதித்து 2025இல் வெளியிட்ட ஆய்விலும் இதே வடிவம் தெரிகிறது. 198 பேர், ஒரே முறை, மருந்துப்போலி அல்லது 25, 50, 100, 200 மைக்ரோகிராம். நாலு வாரம் கழித்து 100ம் 200ம் மருந்துப்போலியைத் தெளிவாக மிஞ்சின. 25ம் 50ம் மிஞ்சவில்லை. முழு டோஸ் ஆய்வுகளைக் காட்டி மைக்ரோடோஸைப் பரிந்துரைக்கிறவர்கள், அதே ஆய்வுகளில் சின்ன டோஸ் தோற்ற பக்கத்தைப் படிக்காமல் விட்டுவிடுகிறார்கள். ஒரே முறை எடுப்பதும் வாரக்கணக்கில் திரும்பத் திரும்ப எடுப்பதும் ஒன்றல்ல என்ற மறுப்பை நான் ஏற்கிறேன். ஆனால் அப்படித் திரும்பத் திரும்ப எடுத்த சோதனைகள் என்ன காட்டின என்று மேலே பார்த்தோம்.

சரி, அப்படியென்றால் முழு டோஸ் பக்கம் போய்விடலாமா? அதிலும் அவசரம் கூடாது. அந்த 233 பேர் சோதனையில் 25 மில்லிகிராம் எடுத்தவர்களில் மூன்றாவது வாரத்தில் 37 சதவீதம் பேருக்கு நல்ல பலன் இருந்தது; பன்னிரண்டு வாரம் வரை அது நீடித்தது 20 சதவீதம் பேருக்கு. தற்கொலை எண்ணம், தன்னைத் தானே காயப்படுத்திக்கொள்ளுதல் எல்லாக் குழுக்களிலும் பதிவாகின. ஆரம்பத்தில் 'அதிசயம்' என்று எழுதிய செய்திகளோடு ஒப்பிட்டால் பிந்தைய, பெரிய சோதனைகளின் எண்கள் அடக்கமாகவே வருகின்றன. 258 பேரோடு நடந்த மூன்றாம் கட்டச் சோதனையின் முதல் முடிவு 2025இல் வந்தது. 25 மில்லிகிராமுக்கும் மருந்துப்போலிக்கும் ஆறாவது வாரத்தில் இடைவெளி 3.6 புள்ளி. அறுபது புள்ளி அளவுகோலில் இது சின்ன எண்தான், ஆனால் எந்த மருந்துக்கும் எளிதில் வசப்படாத நோயாளிகளில் கிடைத்தது.

முழு டோஸில் இன்னொரு சிக்கல், மறைக்கவே முடியாது. 25 மில்லிகிராம் எடுத்தவருக்கு ஒரு மணி நேரத்தில் தெரிந்துவிடும் தான் எதை எடுத்தேன் என்று. கிடைக்காதவருக்கு ஏமாற்றம். அந்த ஏமாற்றமே எதிர்க் குழுவின் முன்னேற்றத்தைக் குறைத்துக் காட்டும். அதனால் முழு டோஸின் எண்களையும் கொஞ்சம் குறைத்தே படிக்க வேண்டும்.

மருந்து மட்டும் வேலை செய்கிறது என்பதும் இல்லை. முன்கூட்டியே பலமுறை பேசித் தயார்செய்வது, எடுக்கும் நாளில் ஆறு எட்டு மணி நேரம் பயிற்சி பெற்றவர் பக்கத்திலேயே இருப்பது, பிறகு நடந்ததைப் பேசித் தொகுத்துக்கொள்வது எல்லாம் சேர்ந்ததுதான் சிகிச்சை. இதை வீட்டில் தனியாக நகலெடுக்க முடியாது. சட்டப்படி இது கிடைக்கும் இடங்களும் குறைவு. ஆஸ்திரேலியாவில் 2023 ஜூலை முதல், அனுமதி பெற்ற மனநல மருத்துவர்கள் மருந்துக்கு அடங்காத மனச்சோர்வுக்கு சைலோசைபின் எழுதித் தரலாம். அமெரிக்காவின் ஒரிகன் மாநிலத்தில் மேற்பார்வையோடு எடுக்கும் மையங்கள் உள்ளன. மற்ற பெரும்பாலான நாடுகளில், 1971ஆம் ஆண்டின் ஐநா உடன்படிக்கையைத் தொடர்ந்து, கையில் வைத்திருப்பதே குற்றம்.

பழகிய பாதைக்கு நியாயம் செய்வோம்

மனச்சோர்வு மாத்திரைகளைப் பற்றிப் பலருக்கும் கசப்பு இருக்கிறது. முதல் சில வாரம் பலன் தெரியாது, வயிறு கெடும், தூக்கம் மாறும், பாலுறவு ஆர்வம் குறையும், சிலருக்கு அழுகையும் வராது சிரிப்பும் வராது. திடீரென்று நிறுத்தினால் தலைச்சுற்றலும் எரிச்சலும். இந்தக் குறைகளை மறைக்கிற எவரும் நோயாளிக்கு நல்லது செய்யவில்லை.

ஆனாலும் சான்றின் எடையைப் பாருங்கள். 2018இல் லான்செட் மருத்துவ இதழில் வெளியான தொகுப்பில் 522 சோதனைகள், 1,16,477 பேர், 21 மருந்துகள். இருபத்தொன்றும் மருந்துப்போலியை மிஞ்சின. மிஞ்சிய அளவு பிரமாதமாக இல்லை. பெரும்பாலும் நடுத்தரத்துக்குக் கீழ்தான். ஆனால் மறைத்துச் சோதித்தபோதும் நின்ற பலன் அது. மைக்ரோடோசிங் இதுவரை தாண்டாத படி இதுதான்.

நேருக்கு நேர் மோதிய ஒரு சோதனையும் உண்டு. இம்பீரியல் கல்லூரியில் 59 நோயாளிகளில் பாதிப் பேர் மூன்று வார இடைவெளியில் இரண்டு முறை 25 மில்லிகிராம் சைலோசைபின் எடுத்தார்கள்; மீதிப் பேர் ஆறு வாரம் தினமும் எஸ்சிட்டலோப்ராம் என்ற வழக்கமான மனச்சோர்வு மாத்திரை எடுத்தார்கள். 2021இல் வெளிவந்த முடிவில், முன்பே தீர்மானித்த முக்கிய அளவுகோலில் 8 புள்ளி இறக்கம் ஒரு பக்கம், 6 புள்ளி இன்னொரு பக்கம். புள்ளியியல்படி வித்தியாசம் நிரூபணமாகவில்லை. முழு டோஸ்கூட ஒரு சாதாரண மாத்திரையைத் தெளிவாக வெல்லவில்லை என்றும் இதைப் படிக்கலாம். இரண்டே தடவை எடுத்து தினசரி மாத்திரைக்குச் சமமாக நின்றது என்றும் படிக்கலாம். நான் இரண்டாவதாகப் படிக்கிறேன். எப்படிப் படித்தாலும் மைக்ரோடோஸுக்கு இதிலிருந்து எதுவும் கிடைக்காது. எஸ்சிட்டலோப்ராம் குழுவுக்கு ஒப்பீட்டுக்காகக் கொடுத்ததும் 1 மில்லிகிராம் சைலோசைபின்தான்.

மாத்திரையே வேண்டாம் என்பவருக்கும் வழி இருக்கிறது. 'செயலூக்க சிகிச்சை' என்று ஒன்று உண்டு: மனம் வரும்வரை காத்திராமல், அர்த்தமுள்ள சின்னச் செயல்களை நாள் குறித்துச் செய்து, அதனால் மனநிலை எப்படி நகர்கிறது என்று எழுதிப் பார்ப்பது. 2016இல் இங்கிலாந்தில் 440 பேரோடு நடந்த சோதனையில், அனுபவம் குறைந்த பணியாளர்கள் கொடுத்த இந்த எளிய சிகிச்சை, தேர்ந்த உளவியலாளர்கள் கொடுத்த அறிவாற்றல் நடத்தைச் சிகிச்சை என்ற பேச்சு சிகிச்சைக்குக் குறையாமல் நின்றது. உடற்பயிற்சி பற்றி 2024இல் வந்த தொகுப்பில் 218 சோதனைகள், 14,170 பேர். நடை, மெதுவோட்டம், யோகா, எடைப் பயிற்சி ஆகியவற்றுக்கு நடுத்தரப் பலன் தெரிந்தது. உடற்பயிற்சி ஆய்வுகளிலும் மறைக்க முடியாது என்பதால் அந்த எண்ணையும் அப்படியே விழுங்க வேண்டாம். ஆனால் அது தோற்றால் நீங்கள் இழப்பது மிகக் குறைவு.

மைக்ரோடோசிங் செய்பவர்கள் தங்களை அறியாமல் செய்வதில் பாதி இந்தச் செயலூக்க சிகிச்சைதான் என்று எனக்குத் தோன்றுகிறது. நாள் குறிக்கிறார்கள், குறிப்பு எழுதுகிறார்கள், காலையில் ஒரு எண்ணத்தோடு எழுகிறார்கள், வெளியே போய் மனிதர்களைப் பார்க்கிறார்கள். இந்தப் பாதியை எடுத்துக்கொள்ள எந்தப் பொருளும் தேவையில்லை.

ஆபத்துகளை எடைபோடும்போது

'இவ்வளவு சின்ன அளவில் என்ன ஆகிவிடப் போகிறது?' என்பதுதான் வழக்கமான பதில். ஒரு தடவைக்கு அது பெரும்பாலும் உண்மை. மாதக்கணக்கில் என்றால் வேறு கேள்வி எழுகிறது. எல்எஸ்டியும், சைலோசைபினிலிருந்து உடம்பு உண்டாக்கும் சைலோசினும், செரட்டோனின் என்ற உடல் வேதிப்பொருள் ஒட்டும் இடங்களில் ஒன்றான 'செரட்டோனின் 2பி' ஏற்பியில் ஒட்டுபவை. அந்த ஏற்பி இதய வால்வுகளில் இருக்கிறது. அதே ஏற்பியைத் தொடர்ந்து தூண்டியதால் வால்வு தடித்து, உடல் எடைக் குறைப்பு மருந்தான ஃபென்ஃப்ளுரமைன் 1997இல் சந்தையிலிருந்து நீக்கப்பட்டது. மைக்ரோடோசிங்கால் யாருக்காவது வால்வு கெட்டது என்று ஆய்வு நிரூபிக்கவில்லை. ஆனால் வருடக்கணக்கில் எடுத்தவர்களை இதயப் பரிசோதனையோடு பின்தொடர்ந்து 'பயமில்லை' என்றும் யாரும் நிரூபிக்கவில்லை. முழு டோஸை ஓரிரு முறை எடுப்பவருக்கு இந்தக் கவலை குறைவு என்பதுதான் விந்தை. திரும்பத் திரும்ப எடுப்பதில்தான் இது வருகிறது.

அடுத்தது, கையில் இருப்பது எது என்ற கேள்வி. ஒரு காளானுக்கும் இன்னொரு காளானுக்கும் வீரியம் பல மடங்கு மாறும். அதே காளானின் தலையும் தண்டும்கூட ஒன்றல்ல. 2024இல் அமெரிக்காவில் 'மைக்ரோடோஸ்' என்ற பெயரில் கடைகளில் விற்ற சாக்லேட்டும் மிட்டாயும் சாப்பிட்டு 70க்கும் மேற்பட்டோர் மருத்துவமனைக்குப் போனார்கள். வலிப்பு, மயக்கம், வாந்தி. சோதித்தபோது பட்டியலில் இல்லாத வேதிப்பொருட்கள் அவற்றில் கிடைத்தன.

பிறகு, யாருக்கு வேண்டவே வேண்டாம் என்பது. இருமுனைக் கோளாறோ மனச்சிதைவோ தனக்கோ நெருங்கிய இரத்த உறவுக்கோ இருந்தால், ஆய்வாளர்களே அவர்களைச் சோதனையில் சேர்ப்பதில்லை. இருமுனைக் கோளாறுக்குக் கொடுக்கும் லித்தியம் மருந்தை எடுப்பவர்கள் சைக்கடெலிக் எடுத்து வலிப்பு வந்ததாகப் பல பதிவுகள் இருக்கின்றன. வழக்கமான மனச்சோர்வு மாத்திரை எடுப்பவர்களுக்கு சைக்கடெலிக்கின் விளைவு மங்கும். அதனால் சிலர் மாத்திரையைத் தாங்களாகவே நிறுத்துகிறார்கள். எனக்கு மிகவும் கவலை தருவது இதுதான். பலன் நிரூபணமாகாத ஒன்றுக்காக, நிரூபணமான ஒன்றை மேற்பார்வை இல்லாமல் கைவிடுவது.

யாருக்கு எது?

லேசான சோர்வு, வேலை நடக்கிறது, சாப்பாடும் தூக்கமும் பரவாயில்லை என்ற நிலையில் இருப்பவர் செயலூக்க சிகிச்சையையும் உடற்பயிற்சியையும் எட்டு வாரம் ஒழுங்காகச் செய்து பார்க்கட்டும் என்பேன். மைக்ரோடோசிங்குக்குக் காட்டும் அதே ஒழுக்கத்தோடு: நாள் குறித்து, மதிப்பெண் போட்டு, எழுதி.

நடுத்தரம் அல்லது கடுமையான மனச்சோர்வு என்றால் மாத்திரையும் பேச்சு சிகிச்சையும்தான் முதல் தேர்வு. இதில் எனக்குத் தயக்கமே இல்லை. முதல் மாத்திரை ஒத்துவரவில்லை என்றால் அளவை மாற்றலாம், வேறு மாத்திரைக்குப் போகலாம். ஒரு மாத்திரை தோற்றதும் முழுப் பாதையும் தோற்றதாக நினைப்பதுதான் பலரை மைக்ரோடோசிங் பக்கம் தள்ளுகிறது. தற்கொலை எண்ணம் வருகிறது என்றால் இந்த ஒப்பீடு எதுவுமே இப்போதைக்கு வேண்டாம். இன்றைக்கே ஒரு மருத்துவரையோ அவசர உதவியையோ அடைய வேண்டும், கூட ஒருவர் இருக்க வேண்டும்.

இரண்டு மூன்று மருந்துகள் முறையாக எடுத்தும் பயன் இல்லாதவருக்கு முழு டோஸ் ஆய்வுகள் உண்மையான நம்பிக்கை தருகின்றன. அவருக்கு நான் சொல்லும் வழி, மருத்துவ ஆய்வில் சேர முடியுமா என்று தன் மனநல மருத்துவரிடம் கேட்பது. ஆய்வில் சேர்ந்தால் பொருளின் தூய்மை உறுதி, இதயமும் மனமும் கண்காணிப்பில் இருக்கும், சட்டச் சிக்கல் இல்லை. மருந்துப்போலி கிடைத்துவிடலாமே என்ற பயம் நியாயமானது; சேரும் முன்பே, சோதனை முடிந்த பிறகு மருந்துப்போலிக் குழுவுக்கும் மருந்து தருவார்களா என்று கேட்டுக்கொள்ளலாம், சில ஆய்வுகளில் தருகிறார்கள். அங்கீகாரம் பெற்று ஏற்கெனவே கிடைக்கும் வேறு சிகிச்சைகளும் இருக்கின்றன: எஸ்கெட்டமின் மூக்குத் தெளிப்பு மருந்துக்கு அமெரிக்கா 2019இல் அனுமதி கொடுத்தது, மூளையைக் காந்தத்தால் தூண்டும் சிகிச்சையும் பல நாடுகளில் உண்டு.

நோய் எதுவும் இல்லை, படைப்புத் திறனும் கவனமும் கூட வேண்டும் என்பவருக்கு மேலே சொன்ன சிகாகோ, புவெனஸ் ஐரிஸ், ஆக்லாந்து ஆய்வுகள் நேரடியாகப் பொருந்தும், ஏனென்றால் அவற்றில் இருந்தவர்கள் அவரைப் போன்றவர்கள்தான். கிடைப்பது எடுத்த நாளின் கொஞ்சம் உற்சாகம்; அதற்காகச் சட்டத்தையும் இதயத்தையும் பணயம் வைப்பது எனக்குச் சரியாகப் படவில்லை.

ஏற்கெனவே மைக்ரோடோசிங் செய்துகொண்டிருப்பவர்களில் நன்றாக உணர்கிறவரிடம் போய் 'அது வெறும் நம்பிக்கை' என்று வாதாடுவதில் பயனில்லை. அவரிடம் நான் கேட்பது சில காரியங்கள்தான். எடுப்பதை மருத்துவரிடம் மறைக்காதீர்கள். பெரும்பாலான நாடுகளில் அது மருத்துவ ரகசியம்தான். வேறு என்ன மாத்திரை எடுக்கிறீர்கள், குறிப்பாக லித்தியமா, என்று அவருக்குத் தெரிய வேண்டும். மாத்திரையைக் குறைக்க நினைத்தால் அவரோடு பேசி மெல்லக் குறையுங்கள். மூச்சு வாங்குவது, கால் வீங்குவது, நெஞ்சு படபடப்பது புதிதாக வந்தால் இதயத்தைப் பரிசோதியுங்கள். தூக்கமே தேவைப்படாத அளவுக்கு உற்சாகம் பொங்கினால் அதைப் பலன் என்று எடுத்துக்கொள்ளாமல் உடனே நிறுத்தி மருத்துவரைப் பாருங்கள், ஏனென்றால் இருமுனைக் கோளாறின் தொடக்கமும் அப்படித்தான் இருக்கும். எட்டு வாரம் கழித்து, எடுக்கத் தொடங்கும் முன் போட்ட மதிப்பெண்ணோடு ஒப்பிடுங்கள். நகரவில்லை என்றால் அளவைக் கூட்டாமல் வேறு சிகிச்சைக்கு மாறுங்கள்.